தாத்தாவிடம் போகாத கால எந்திரம்

சிவகாசியிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். வீட்டில் எல்லோருமாக ஒரு படம் பார்த்தார்களாம். நாயகன் ஓர் எந்திரத்தில் ஏறிப் பழைய நாளுக்குப் போய், நடந்ததை மாற்றிவிட்டுத் திரும்புகிறான். படம் முடிந்ததும் ஐந்தாம் வகுப்பு மகள், "அம்மா, அந்த மெஷின் இருந்தா, நான் பொறக்கறதுக்கு முன்னாடியே செத்துப்போன தாத்தாவைப் பாத்துட்டு வரலாமா?" என்று கேட்டிருக்கிறாள். என்ன பதில் சொல்வது என்கிறார்.

எதிர்காலத்துக்குப் போவதில் சிக்கல் இல்லை. வேகமாகப் போகிறவரின் கடிகாரம் நமக்கு மெதுவாக ஓடும் என்று ஐன்ஸ்டைன் 1905-இலேயே சொல்லிவிட்டார். சாட்சி, மியூவான் என்ற நுண்துகள். விண்வெளிக் கதிர்கள் காற்றில் மோதும்போது சுமார் 15 கிலோமீட்டர் உயரத்தில் பிறக்கிறது. சராசரி ஆயுள் 2.2 மைக்ரோநொடி. ஒளி வேகத்தில் ஓடிவந்தாலும் அதற்குள் 660 மீட்டர்தான் தாண்டலாம். ஆனால் தரை வரை வந்துவிடுகிறது, அதன் கடிகாரம் அவ்வளவு மந்தம். ஊட்டியில் கிரேப்ஸ்-3 ஆய்வுக்கூடத்தில் 560 சதுர மீட்டர் பரப்பில் இவற்றை எண்ணுகிறார்கள். எண்ணும் குழாய்க் கருவிகள் கோலார் தங்கச் சுரங்கத்தில் முன்பு நடந்த ஆய்விலிருந்து வந்தவை. பழைய குழாயை வைத்து உலகத்தர வேலை செய்வது பெருமைதான். புதிது வாங்கவும் காசு கொடுத்தால் குறைந்தா போய்விடுவோம்?

சரி, பின்னால் போவதற்கு வருவோம். 1985-இல் வெளியான தன் நாவலுக்காக வானியலாளர் கார்ல் சேகன், இயற்பியலாளரான நண்பர் கிப் தோர்னிடம் ஒரு யோசனை கேட்டார். கதாநாயகி கருந்துளை வழியாகப் போனால் செத்துவிடுவாள், புழுத்துளை வழியாக அனுப்புங்கள் என்றார் தோர்ன். மாம்பழத்தின் தோலைச் சுற்றி ஊர்ந்து போகாமல் உள்ளே குடைந்து மறுபக்கம் வருகிற வண்டின் வழி அது. நாவல் வந்துவிட்டது, தோர்ன் யோசிப்பதை விடவில்லை. 1988-இல் மோரிஸ், யுர்ட்செவர் என்ற இருவருடன் சேர்ந்து அந்தத் துளையையே கால எந்திரமாக்குவது எப்படி என்று எழுதினார். எனக்கு மிகவும் பிடித்த எந்திரம் இதுதான். இதில் பொத்தான் கிடையாது, முள் கிடையாது, சுழலும் சக்கரம் கிடையாது.

இப்படி வைத்துக்கொள்வோம். 2030 பொங்கலன்று துளையின் ஒரு வாய் உங்கள் வீட்டுக் கூடத்தில் இருக்கிறது. இன்னொரு வாய் மொட்டைமாடியில் நிற்கும் ராக்கெட்டில், உங்கள் மகள் பக்கத்தில். உள்ளே நாலு எட்டு வைத்தால் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம். ராக்கெட் ஒளியின் வேகத்தில் 99.5 சதவீதம் வேகத்தில் போய்த் திரும்புகிறது. மகளுக்கு ஓர் ஆண்டு, ஊருக்குப் பத்து ஆண்டு. மியூவான் கதைதான், புதிதாக ஒன்றுமில்லை.

ஆனால் ராக்கெட் எவ்வளவு தூரம் போனாலும் துளைக்குள் அந்த நாலு எட்டு அப்படியேதான் இருக்கிறது. அதன் வழியே பார்த்தால் நீங்களும் மகளும் அசையாமல் எதிரெதிரே உட்கார்ந்திருக்கிறீர்கள். நீங்கள் காபி டம்ளரை நீட்டினால் அவள் வாங்கிக்கொள்வாள். அங்கே இருவர் கடிகாரமும் ஒன்றாக ஓடுகிறது. அதாவது, வெளியே வானம் வழியாக அளந்தால் பத்து ஆண்டு, துளை வழியாக அளந்தால் ஒன்று. இரண்டு கணக்கும் சரி!

2040 பொங்கலன்று ராக்கெட் மாடியில் இறங்குகிறது. மகள் துளைக்குள் எட்டிப் பார்க்கிறாள். கூடத்தில் நீங்கள், 2031 காலண்டர், ஆறாத காபி. நாலு எட்டு நடந்தால் ஒன்பது ஆண்டு பின்னால் வந்துவிட்டாள். அவள் வந்த ராக்கெட் இன்னும் ஒன்பது ஆண்டுக்கு அந்த மாடியில் இறங்காது. எங்கேயோ தொலைவில் பறந்துகொண்டிருக்கிறது, அதற்குள் அவளும் இருக்கிறாள்.

தடைகள் இல்லாமல் இல்லை. துளை மூடிக்கொள்ளாமல் முட்டுக்கொடுக்க எதிர்மறை ஆற்றல், அதாவது வெற்றிடத்தில் இருப்பதைவிடவும் குறைந்த ஆற்றல் வேண்டும். இரண்டு உலோகத் தகடுகளை மிக நெருக்கமாக வைத்தால் இடையில் அது துளியூண்டு உருவாகும் என்று 1948-இல் காசிமிர் என்ற இயற்பியலாளர் கணக்கிட்டார். ஆள் நுழைய அது எந்த மூலைக்கு? அதற்கு மேல் ஸ்டீபன் ஹாக்கிங் 1992-இல் ஓர் ஆட்சேபம் எழுப்பினார். துளை கால எந்திரமாக மாறும் அந்த நொடியில், வெற்றிடத்தின் மெல்லிய சலசலப்பு ஒரு வாயில் நுழைந்து மறுவாயில் முன்னதாகவே வெளிவந்து, தன்னோடு தானே சேர்ந்து பெருகிக்கொண்டே போய்த் துளையைச் சிதறடித்துவிடலாம். திருவிழா மைக்கை ஸ்பீக்கருக்கு முன்னால் கொண்டுபோனால் எழும் அலறலை நினைத்துக்கொள்ளுங்கள்.

இவ்வளவு கறாராகக் கணக்குப் போட்டுவிட்டும், நடக்கும் என்று இயற்பியல் சத்தியம் செய்வதில்லை. கட்டைவிரல் ரேகையை வாங்கிக்கொண்டு ஓலையில் எதிர்காலம் படிக்கிறவரிடம் மட்டும் நாம் ஒரு சமன்பாடுகூடக் கேட்பதில்லை, ரொக்கமாகவே கொடுக்கிறோம்.

2009 ஜூன் 28 அன்று ஹாக்கிங் கேம்பிரிட்ஜில் காலப் பயணிகளுக்கு ஒரு விருந்து வைத்தார். விருந்து முடிந்த பிறகுதான் அழைப்பை வெளியிட்டார், பின்னால் போகத் தெரிந்தவர்தான் வர முடியும். யாரும் வரவில்லை. ஆனால் அதை வைத்துத் தோர்னின் எந்திரத்தை மறுக்க முடியாது என்பேன். நம் கணக்கில் மகள் 2031-க்கு முன்னால் போகவே முடியாது, பார்த்தீர்களா? அங்கே வெளிவர ஒரு வாய் ஏற்கெனவே காத்திருக்க வேண்டும். 2009-இல் கேம்பிரிட்ஜில் அப்படி எதுவும் இல்லை.

தாத்தா விஷயமும் அதேதான், பாப்பா. அவர் இருந்தபோது அந்தக் கூடத்தில் யாரும் அப்படி ஒரு கதவை வைக்கவில்லை.