ஒளிந்து நின்று எடுக்காதீர்கள்

போன மாதம் தேனி மாவட்டத்துக் கம்பத்திலிருந்து ஓர் அக்கா போன் செய்தார். தினமும் ஜீப்பில் மலையேறி ஏலத்தோட்ட வேலைக்குப் போகிறவர். விடிகாலையில் நெருக்கியடித்துக் கிளம்பும் அந்த ஜீப்பை யாரோ தூரத்திலிருந்து படம் பிடித்து வெளியிட, அது வாட்ஸ்அப்பில் சுற்றியிருக்கிறது. அவர் முகம் அதில் தெளிவாகத் தெரிகிறது. அளவுக்கு மேல் ஆள் ஏற்றியது வெளியே வந்துவிட்ட கோபத்தில் ஜீப்காரர், "நீங்க இனி வரவேண்டாம்" என்று சொல்லிவிட்டார். இந்த வருடம் என் காதுக்கு வந்த மூன்றாவது சம்பவம் இது.

எடுத்த பையனைத் தேடிப் பிடித்துப் பேசினேன். "அப்சர்வேஷனல் ஸ்டைல் சார். தெரிஞ்சா நடிப்பாங்க" என்றார். இதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

அப்சர்வேஷனல் என்றால், நடப்பதில் குறுக்கிடாமல் பார்த்து எடுக்கும் ஆவணப்பட முறை. தோளில் தூக்கக்கூடிய 16 எம்எம் ஃபிலிம் கேமராவும், அதோடு இசைந்து ஓடும் ஒலிப்பதிவுக் கருவியும் 1960ஐ ஒட்டி வந்தபோது வளர்ந்த முறை இது. பேட்டி கிடையாது, பின்னணிக் குரல் கிடையாது, "இன்னொரு தடவை நடந்து வாங்க" என்று யாரையும் கேட்பதும் கிடையாது. ஆனால் கேமராக்காரர் எல்லோரும் பார்க்க அதே அறையில்தான் நின்றார்.

தெரிந்தால் நடிப்பார்களாம். சரி, எவ்வளவு நேரம்? ஏலக்காய் செடியின் தூரில், தரையோடு கிடக்கும் சரத்தில் காய்க்கிறது. மழையிலும் அட்டைக்கடியிலும் குனிந்து, குத்தவைத்து, விளைந்த காயை மட்டும் பார்த்துப் பறிக்கவேண்டும். அதற்கு நடுவில் உங்களுக்காக நாள் முழுக்க யார் நடிப்பார்? கேரள எல்லையில் இருக்கும் கம்பம்மெட்டுக்கு அந்தப்பக்கம் ஒரு தோட்டத்தில் முதல் ஐந்து நாள் கேமராவைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு சும்மா சுற்றினேன். ரெக்கார்ட் பட்டனைத் தொடவே இல்லை. ஆறாம் நாள் ஒரு பாட்டி, "தம்பி, அந்தச் சாக்க இப்படி நகட்டு" என்றார். அப்புறம்தான் எடுக்க ஆரம்பித்தேன். பக்கத்தில் நிற்க இடம் கிடைத்தால் அகலமாகக் காட்டும் 35 எம்எம் லென்ஸே போதும். பேச்சும் இலையில் விழும் மழையும் மைக்கில் சுத்தமாக விழும். தூரத்தில் இருப்பதை இழுத்துக் காட்டும் 200 எம்எம் லென்ஸில் தள்ளி நின்று எடுத்தால் ஊமைப்படம்தான் மிஞ்சும்.

முதலில் சொல்லுங்கள். எதற்காக எடுக்கிறீர்கள், எங்கே போடுவீர்கள், யார் யார் பார்ப்பார்கள் என்று அவருக்கு விளங்கும் தமிழில் சொல்லுங்கள். ஆங்கிலத் தாளில் கையெழுத்து வாங்கிவிட்டு அனுமதி இருக்கிறது என்று பேசாதீர்கள். தோட்டக்காரர் தரும் அனுமதி தோட்டத்துக்குள் நுழைய மட்டும்தான். வேலை செய்கிறவரின் முகத்துக்கு அவரையேதான் கேட்கவேண்டும். வண்டி நம்பர், கூலிப் பேச்சு, சூப்பர்வைசரைத் திட்டுவது எல்லாம் எடிட்டில் நல்ல சரக்காகத் தெரியும். அந்த அக்காவின் அடுத்த வாரக் கூலி அதில்தான் போகும்.

ரஃப் கட்டை, அதாவது முதல் கட்டமாக வெட்டி ஒட்டிய படத்தை, அவர் வீட்டிலேயே போட்டுக் காட்டுங்கள். லீவு நாளாகப் பார்த்துப் போங்கள், மற்ற நாளில் அலுத்துப்போய் வந்திருப்பார்கள். "இது வேண்டாம் தம்பி" என்றால் வெட்டிவிடுங்கள். வாதாடாதீர்கள். கெஞ்சிக் கேட்கிறேன்.

அந்தப் பையன் காட்சியை நீக்கிவிட்டார். வாட்ஸ்அப்பில் போனது போனதுதான். அக்காவுக்கு இன்னும் வேறு ஜீப்பில் இடம் கிடைக்கவில்லை.