பெய்லி பாலம்: கட்டியவர்களிடம் கேட்டுப் பதிய வேண்டியவை

பெய்லி பாலம் என்பது முன்பே செய்துவைத்த எஃகுச் சட்டங்களை, அதாவது பேனல்களை, இணைத்துக் கட்டும் ராணுவப் பாலம். இரண்டாம் உலகப் போரில் அதைக் கட்டிய சாப்பர் (ராணுவப் பொறியியல் பிரிவு) வீரர் ஒருவர் "டபுள் சிங்கிள், 12 பே" என்று சொன்னால், பாலத்தின் அமைப்பு முழுவதையும் சொல்லிவிட்டார் என்று பொருள். பே என்பது ஒரு பேனல் நீளமுள்ள பகுதி; ஒரு பே 10 அடி. ஆக நீளம் 120 அடி. 'டபுள்' என்றால் பக்கத்துக்கு இரண்டு வரிசைப் பேனல்கள். 'சிங்கிள்' என்றால் ஒரே அடுக்கு. இரு பக்கமும் சேர்த்து மொத்தம் 48 பேனல்கள். பாலம் எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்தவரிடம்தான் இந்த நினைவு வீணாகாமல் சேரும்.

பொறியாளர் டொனால்ட் பெய்லி இங்கிலாந்தின் கிறைஸ்ட்சர்ச்சில் 1940-ல் உருவாக்கிய வடிவமைப்பு இது. முன்மாதிரி அவ்வூரை ஒட்டிய ஸ்டான்பிட் சதுப்பில் இன்றும் நிற்கிறது. பேனல் 10 அடி நீளம், சுமார் 5 அடி உயரம், 260 கிலோ எடை. கிரேன் இல்லாமல் ஆறு பேர் தூக்கிவிடலாம். ஒரு பேனலின் காது அடுத்த பேனலின் இரட்டைக் காதுகளுக்கு நடுவே நுழையும். துளைகள் நேரானதும் 48 மில்லிமீட்டர் தடிமனுள்ள எஃகுப் பின்னை அடித்து ஏற்றி, அதன் முனையில் பாதுகாப்பு ஊசி மாட்ட வேண்டும். பின்னின் தலையில் ஒரு வரிப்பள்ளம் உண்டு. அது கிடைமட்டமாக இருக்கும்படி அடிக்காவிட்டால் பேனலின் விளிம்பு மறித்து ஊசியை மாட்டவே விடாது.

பாலத்தை எதிர்க்கரைக்குத் தள்ளும் கட்டம்தான் இதன் உண்மையான சாதனை. வேலையின் பெரும்பகுதி இக்கரையிலேயே முடிந்துவிடும். எதிரியின் குண்டுகளுக்கு நடுவே அது எத்தனை உயிர்களைக் காத்திருக்கும்! பாலத்தின் முன்னால், தளம் போடாத எலும்புக்கூடாக ஒரு 'மூக்கு' பொருத்தி, எல்லாவற்றையும் உருளைகள் மேல் தள்ளுவார்கள். மூக்கு எதிர்க்கரையைத் தொடும்வரை மொத்த எடையின் மையம் இக்கரை உருளைக்குப் பின்னாலேயே இருக்க வேண்டும். ஒரு கணம் தவறினால் முழுப் பாலமும் ஆற்றுக்குள் கவிழும். அதனால்தான் மூக்கின் நீளம் பொதுவாக இடைவெளியில் பாதிக்குச் சற்று மேல் இருக்கும். அந்தரத்தில் நீளும் மூக்கு தாழ்ந்துபோகும். அதைச் சரிக்கட்ட, மூக்கின் அடிப்பக்க மூட்டு ஒன்றில் இணைப்புத்துண்டு செருகி அடிப்பக்கத்தை நீட்டுவார்கள். நுனி மேலே நிமிரும்.

பாலம் தன் இடத்தில் அமர்ந்த பிறகும் நடுவில் தொய்வு தெரியும். இரும்பு வளைவது ஒரு காரணம்தான். துளை பின்னைவிடச் சற்றுப் பெரியது. ஒவ்வொரு மூட்டிலும் உள்ள அந்தச் சிறு ஆட்டம் பே கூடக் கூடச் சேர்ந்துகொண்டே போகும். புதுப் பாலத்தில் தொய்வைக் கண்டு மிரண்டதாக ஒருவர் சொன்னால் நம்பலாம்.

முதியவர்களிடம் தேதியும் ஊர்ப்பெயரும் எளிதில் குழம்பும். கை பழகிய வேலை அவ்வளவு எளிதில் மறக்காது. எனவே "எப்போது கட்டினீர்கள்?" என்று தொடங்காமல், பேனலின் எந்த மூலையில் நின்று தூக்கினீர்கள், பின் இறங்க மறுத்தால் என்ன செய்தீர்கள், தள்ளும்போது கட்டளை கொடுத்தவர் எங்கே நின்றார் என்று கேளுங்கள். பின்னின் அளவில் ஓர் இரும்புத் துண்டைக் கையில் கொடுத்துக் கேட்டால் இன்னும் நல்லது; விரல்களையும் சேர்த்துப் படம்பிடியுங்கள்.

பே எண்ணிக்கையில் மட்டும் கவனம் தேவை. பாலத்தையும் மூக்கையும் ஒன்றாகத்தானே தள்ளினார்கள்? 19 பே என்று நினைவுகூர்பவர் 12 பே பாலத்தோடு 7 பே மூக்கையும் சேர்த்திருக்கலாம். பழைய புகைப்படம் இருந்தால் பக்கவாட்டில் பேனல்களை எண்ணி, பத்தால் பெருக்கி, ஆற்றின் அகலத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள். மிதவைகள் மேல் கட்டிய பாலத்துக்கு இந்த மூக்குக் கணக்கு பொருந்தாது. 1944 டிசம்பரில் பர்மாவின் கலேவாவில் சிந்த்வின் ஆற்றின் மேல் 1,154 அடிக்குக் கட்டப்பட்டது அப்படிப்பட்ட மிதவைப் பாலம்தான். அங்கே வேலை செய்தவரிடம் மிதவைகளை எப்படி வரிசைப்படுத்தினார்கள், நீரோட்டத்தில் நங்கூரம் எப்படிப் பிடித்தது என்று கேட்க வேண்டும்.