லாக்கப் அடிக்குக் கைதட்டுகிறோம்

"ரெண்டு தட்டு தட்டினா அவ உண்மையைச் சொல்லிடுவா மேடம். போலீஸ் ஏன் உட்கார வச்சுக் கேட்டுக்கிட்டு இருக்காங்க?"

வீட்டில் நகை திருட்டுப் போன ஒரு பெண்மணி, வேலைக்காரப் பெண்ணைப் பற்றிக் கேட்டது. மும்பையில் குற்ற வழக்குகள் நடத்தும் எனக்கு இந்தக் கேள்வி புதிதல்ல. கேட்பவர்கள் கல்நெஞ்சக்காரர்களும் அல்லர். அடித்தால் உண்மை வரும் என்று இந்திப் படங்கள் அவர்களுக்குத் திரும்பத் திரும்பக் காட்டியிருக்கின்றன.

போலீஸிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தை வைத்து நீதிமன்றத்தில் குற்றத்தை நிரூபிக்க முடியாது. அடி தாங்காதவர் வாய்க்கு வந்த பெயரைச் சொல்வார். உண்மையான திருடனுக்கு அதைவிட வசதி எது?

2018-இல் வந்த 'சிம்பா' என்ற இந்திப் படத்தில், பாலியல் வன்கொடுமை செய்தவர்களை ஸ்டேஷனுக்குள்ளேயே சுட்டுக் கொன்று அதை என்கவுன்டர் ஆக்குகிறார் கதாநாயகன். படம் அதைக் கொண்டாடுகிறது. மறு வருடம் டிசம்பர் 6 அன்று, ஹைதராபாத் அருகே அதே போன்ற குற்றத்தில் கைதான நால்வரை நிஜப் போலீஸ் சுட்டுக் கொன்றபோது மக்கள் பூத்தூவினார்கள். உச்ச நீதிமன்றம் அமைத்த சிர்புர்கர் ஆணையம் விசாரித்தது. வேண்டுமென்றே சுட்டிருக்கிறார்கள், 10 போலீஸார் மீது கொலை வழக்கு நடத்த வேண்டும் என்று சொன்ன அதன் அறிக்கை 2022-இல் வெளியானது. நால்வரில் மூவருக்குப் பதினெட்டு வயதுகூட ஆகவில்லை என்றும் அது சொன்னது. அந்தப் பூக்களைத் தூவியவர்களைத் தியேட்டர்தான் பழக்கியது என்றே நினைக்கிறேன்.

இதில் நம் பங்கும் உண்டு. 'சிங்கம்' தமிழிலிருந்துதான் இந்திக்குப் போனது. 2020-இல் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் போலீஸ் அடித்துச் செத்தபோது, காவல்துறையைப் பெருமைப்படுத்திப் படங்கள் எடுத்ததற்காக வேதனைப்படுவதாகத் தமிழ் 'சிங்கம்' படத்தை எடுத்த இயக்குநர் ஹரி அறிக்கை விட்டார். இந்தியில் 'சிங்கம்' பெயரில் 2024-இலும் படம் வந்தது.

கைதானவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். அங்கே மாஜிஸ்திரேட் அவரிடம், "போலீஸ் மேல் ஏதாவது புகார் உண்டா?" என்று கேட்பார். நான் பார்த்த போலீஸ் படங்களில் இந்தக் கேள்வி வந்ததே இல்லை. அடித்தவரே பக்கத்தில் நிற்பதால் பலரும் "இல்லை" என்று சொல்லிவிடுகிறார்கள், அதுவே பதிவாகிவிடுகிறது. அதனால், பிள்ளையைப் பிடித்துப் போய்விட்டார்கள் என்று யார் போன் செய்தாலும் முதலில் இதைத்தான் சொல்கிறேன்: அடித்திருந்தால் அங்கேயே சொல்லச் சொல்லுங்கள், காயத்தைக் காட்டச் சொல்லுங்கள், மருத்துவப் பரிசோதனை கேட்கச் சொல்லுங்கள்.