நீல வெளிச்சப் பேனாவும் பள்ளிக்கூடப் பாடநூலும்

போன மாதம் மதுரை செல்லூரிலிருந்து ஓர் அம்மா, எட்டாவது படிக்கும் மகனைக் கூட்டிக்கொண்டு வந்தார். பையனுக்குப் பவர் எதுவும் இல்லை. இரண்டு கண்ணும் கடைசி வரி வரைக்கும் தடங்கல் இல்லாமல் வாசிக்கின்றன. ஆனாலும் மூக்கில் புதுக் கண்ணாடி. செல்போன் வெளிச்சம் கண்ணைக் கெடுக்காமல் இருக்க ஒரு கடையில் போட்டுக் கொடுத்தார்களாம். இது தேவையே இல்லையே என்றேன்.

"இல்ல சார், கண்ணால பாத்துட்டுத்தான் வாங்குனேன். பேனா மாதிரி ஒண்ணுல நீல வெளிச்சம் அடிச்சாங்க. சாதா லென்ஸ்ல அந்தப் பக்கம் இருந்த அட்டை வரைக்கும் போச்சு. இதுல அப்படியே நின்னு போச்சு."

அந்தப் பேனாவை எனக்கு நன்றாகத் தெரியும். சொந்தமாக கிளினிக் போடுவதற்கு முன்னால், ஒரு கண்ணாடிக் கடையில் நானே அதை நாளைக்குப் பத்துத் தடவை அடித்துக் காட்டியவன். பார்த்தவர்கள் "அடேயப்பா" என்பார்கள், பில் போட்டுவிடுவோம். இத்தனைக்கும் ஆப்டோமெட்ரி (கண் பரிசோதனை) படித்துவிட்டு வேலைக்குப் போனவன் நான். பேனாவின் பக்கவாட்டில் ஒட்டியிருந்த சின்ன எழுத்தை வாசிக்க எனக்கு ஒரு வருஷம் ஆனது. 405 நானோமீட்டர் என்று போட்டிருந்தது.

விஷயமே அந்த எண்ணில்தான் இருக்கிறது; அது ஒளியின் அலைநீளம். நம் கண்ணுக்குத் தெரியும் ஒளி ஏறத்தாழ 400 நானோமீட்டரில் ஊதாவாகத் தொடங்கி, 700 பக்கம் போய் சிவப்பாக முடிகிறது. 405 என்பது விளிம்பில் நிற்கும் ஊதா. போன் திரையின் எல்.இ.டி. தரும் நீலமோ 450ஐ ஒட்டி உச்சத்தில் இருக்கும். கடைகளில் கிடைக்கும் இந்த வகை லென்ஸ்களில் பல, 420 வரை உள்ளதை நன்றாக உறிஞ்சிவிடும். அதற்கு மேற்பட்ட நீலத்தில் பெரும்பங்கை விட்டுவிடும். ஆகவே பேனா வெளிச்சம் நிற்கும், போன் வெளிச்சம் போய்க்கொண்டே இருக்கும். முன்வாசலில் பெரிய பூட்டு, ஆள் நடமாட்டமெல்லாம் கொல்லைப்பக்கமாக.

நீல ஒளியை வடிகட்டும் கண்ணாடிகளைப் பற்றிய 17 சோதனைகளை ஒன்றாக வைத்துப் பார்த்த காக்ரேன் (மருத்துவ ஆய்வுகளைத் தொகுத்து மதிப்பிடும் அமைப்பு) மீளாய்வு 2023இல் வெளிவந்தது. திரை பார்ப்பதால் வரும் கண் களைப்பை, சாதாக் கண்ணாடியைவிட இவை குறைப்பதாக அதில் தெரியவில்லை. களைப்புக்குப் பெரிய காரணம், திரையைப் பார்க்கும்போது நாம் கண் சிமிட்ட மறந்துவிடுவது. பகலில் தமுக்கம் மைதானத்தில் பத்து நிமிஷம் நின்றால், போன் தருவதைவிடப் பல மடங்கு நீலம் வானத்திலிருந்து கண்ணுக்குள் வருகிறது. அதற்கு யாரும் கண்ணாடி விற்பதில்லை.

அந்த அம்மாவைக் குறை சொல்ல என்ன இருக்கிறது? கண்ணால் பார்த்ததை நம்பினார். பார்த்ததைத் திருப்பிக் கேள்வி கேட்க, 'அலைநீளம்' என்ற ஒரு சொல் கையில் இருந்திருக்க வேண்டும், அவ்வளவுதான். கண் சோதிக்கிற ஆள் எதற்குப் புத்தகங்களைப் பற்றி எழுதுகிறான் என்று யாராவது கேட்டால், காரணம் இந்தப் பேனாதான்.

புத்தகம் கேட்டு என்னிடம் முதலில் வந்தவர் தெற்கு ஆவணி மூல வீதிப் பக்கம் பட்டறை வைத்திருக்கும் ஒரு நகை ஆசாரி. வயது 44, வெள்ளெழுத்து வந்துவிட்டது. சீட்டை வாங்கிப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "ஒண்ணரைனு எழுதியிருக்கீங்க. ஒண்ணரை என்னது சார், கிராமா, மில்லியா?"

இருபது வருஷத்தில் என்னிடம் இதைக் கேட்ட ஒரே ஆள் அவர்தான். லென்ஸ் வெளிச்சத்தை எத்தனை மீட்டரில் குவிக்கிறதோ, அதை ஒன்றுக்குக் கீழே போட்டு வகுத்தால் பவர், அதன் அலகு டயாப்டர் என்றேன். ஒண்ணரை என்றால் சுமார் 67 சென்டிமீட்டர். அவர் கல் பார்க்கக் கண்ணில் இடுக்கிக்கொள்ளும் பத்து மடங்கு லென்ஸ் இரண்டரை சென்டிமீட்டரில் குவிக்கும். அதன் பவர் 40. "அண்ணே, ஒண்ணரைக்கா யோசிக்கிறீங்க? நாற்பதை நாள் பூரா கண்ணுல வச்சிருக்கீங்களே" என்றதும் சிரித்துவிட்டார். அப்புறம்தான் கேட்டார், "இதெல்லாம் எந்தப் புத்தகத்துல சார் இருக்கு?"

நான் சொன்னது தமிழ்நாடு அரசின் பத்தாம் வகுப்பு அறிவியல் பாடநூல். அவர் முகம் சுருங்கிவிட்டது. எல்லாருக்கும் அப்படித்தான். பாடநூல் என்றால் பரீட்சை ஞாபகம் வந்துவிடுகிறது. ஆனால் ஒளியியலைத் தமிழில் முதல் தடவையாக வாசிப்பவருக்கு இதைவிட நம்பகமான இடம் எனக்குத் தெரியவில்லை. இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. ஒளிவிலகல், லென்ஸ், கிட்டப்பார்வை, தூரப்பார்வை எல்லாம் ஒரே பாடத்தில் வந்துவிடும். பரீட்சை இல்லாத வயதில் அதை வாசிப்பதில் ஒரு தனி சுகமும் உண்டு. குறை என்றால் மொழிதான். ஒளி அலை ஒரே தளத்தில் அதிர்வதை மேல் வகுப்புப் புத்தகம் 'தளவிளைவு' என்கிறது, கடைக்காரர் 'போலரைஸ்டு' என்கிறார். இரண்டும் ஒன்றே என்று சொல்லித்தர ஆளில்லை. படித்தது பையிலேயே இருக்க, கடையில் வெறுங்கையோடு நிற்கிறோம்.

ஆசாரி அதை முடித்துவிட்டுப் பன்னிரண்டாம் வகுப்பு இயற்பியலுக்குத் தாவினார். கணக்கையெல்லாம் தள்ளிவிட்டுப் படம் பார்த்திருக்கிறார். வைரத்தைப் பற்றிய பத்தியைக் கண்டதும் எனக்கு போன். அவருடைய அப்பா ஒரு வித்தை சொல்லிக் கொடுத்திருக்கிறார்: தாளில் கோடு போட்டு, பட்டை தீட்டிய கல்லைக் கவிழ்த்து அதன்மேல் வைக்க வேண்டும். கல் வழியாகக் கோடு தெரிந்தால் கண்ணாடிக் கல். தெரியாவிட்டால் வைரமாக இருக்கலாம், மற்ற சோதனைக்குப் போகலாம். ஏன் என்று அப்பாவுக்கும் தெரியாது. வைரத்தின் ஒளிவிலகல் எண் (ஒளியை எவ்வளவு வளைக்கும் என்ற அளவு) 2.42, கண்ணாடிக்கு ஒன்றரையை ஒட்டி. வைரத்துக்குள் போன ஒளி, பட்டையில் 24 டிகிரிக்கு மேல் சாய்வாக மோதினாலே வெளியேற முடியாமல் உள்ளுக்குள்ளேயே திரும்பிவிடும். கண்ணாடியில் அதற்குக் கிட்டத்தட்ட 42 டிகிரி வேண்டும். அதனால் கோட்டிலிருந்து வரும் ஒளி வைரத்தில் நேராக மேலே ஏறி வர வழி கிடைப்பதில்லை. "நாங்க செஞ்சிட்டிருந்ததுக்கு இப்பத்தான் சார் பேரு கிடைச்சிருக்கு" என்றார்.

புத்தகத் திருவிழாவில் ஒளியைப் பற்றிய நூல் கண்ணில் பட்டால் நான் முதலில் தேடுவது வானவில் படத்தை. பார்ப்பவருக்கு முதுகுப் பக்கம் சூரியன் இருக்க வேண்டும். சூரியனும் வில்லும் ஒரே பக்கம் வரைந்திருந்தால் புத்தகத்தை இருந்த இடத்திலேயே வைத்துவிடுவேன்; வரைந்தவர் ஒரு நாளும் வெளியே வந்து வானவில்லைப் பார்த்ததில்லை. அடுத்தது முப்பட்டகப் படம்: சிவப்பு குறைவாக வளைய வேண்டும், ஊதா அதிகமாக. முதல் பத்துப் பக்கத்திலேயே குவாண்டம் வந்து, இருபதாம் பக்கத்தில் அது நோயைக் குணமாக்க ஆரம்பித்தால், அதற்கு மேல் சொல்ல ஒன்றுமில்லை.

ஆங்கிலம் வாசிப்பவர்களுக்கு நான் முதலில் சொல்லும் பெயர் வானியலாளர் மின்னார்ட். டச்சு மொழியில் 1937இல் எழுதினார், ஆங்கில மொழிபெயர்ப்பு உண்டு. வீட்டுக்கு வெளியே, வெறும் கண்ணால் பார்க்கும் ஒளியும் நிறமும்தான் முழுப் புத்தகமும். மரத்தடியில் விழும் வெளிச்சப் பொட்டுகளில் தொடங்குகிறார். இலை இடுக்கு எந்த வடிவத்தில் இருந்தாலும் தரையில் பொட்டு ஏன் வட்டமாக விழுகிறது? ஒவ்வொரு பொட்டும் சூரியனின் பிம்பம். இதை வாசித்திருந்ததால் 2019 டிசம்பர் 26 அன்று எனக்குக் கொண்டாட்டம். திண்டுக்கல்லில் வளையக் கிரகணம். அங்கே ஒரு வேப்பமரத்தடியில் போய் நின்றேன். தரை முழுக்க முதலில் பிறை பிறையாக, பிறகு கொஞ்ச நேரம் வளையல் வளையலாக விழுந்தது. சூரியனை நிமிர்ந்தே பார்க்கவில்லை.

அன்றைக்குப் பழைய எக்ஸ்ரே பிலிமோடு நிமிர்ந்து பார்த்தவர்களும் உண்டு. பிலிம் கண் கூசாமல் செய்யும், கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பைத் தாராளமாக உள்ளே விடும். விழித்திரைக்கு வலி தெரியாது. சுட்டது மறுநாள் எழுத்தின் நடுவில் கரும்புள்ளியாக நிற்கும்போதுதான் தெரியும். பொருட்காட்சியில் விற்கும் லேசர் பேனாவை முகத்தில் அடித்து விளையாடும் பிள்ளைகள் விஷயமும் இதேதான்.

நியூட்டனின் ஒளியியல் நூல் 1704இல் வந்தது. முந்தைய பெரிய நூலை லத்தீனில் எழுதியவர் இதை ஆங்கிலத்தில் எழுதினார். இருட்டறை, ஜன்னல் கதவில் ஒரு துளை, ஒரு முப்பட்டகம். ஓட்டு வீட்டில் கண்ணாடி ஓடு வழியாகத் தூசி மின்ன ஒளி இறங்குவதைப் பார்த்து வளர்ந்தவருக்கு முதல் சில பக்கங்கள் சொந்த ஊர் மாதிரி இருக்கும். அதற்கு மேல் கடினம், விட்டுவிடலாம். திருச்சியில் பிறந்த சி.வி. ராமன் 1968இல் வானம் ஏன் நீலம் என்று மாணவர்களுக்கு ஆற்றிய உரை சின்னது. ஒரே மாலையில் முடித்துவிடலாம். நோபல் வாங்கி 38 வருஷம் ஆன பிறகும், அண்ணாந்து பார்த்த குழந்தை கேட்கும் கேள்வியைத்தான் அவரும் கேட்கிறார்.

இயற்பியலாளர் ஃபெய்ன்மேனின் குவாண்டம் ஒளி நூலை (1985) பலர் முதலிலேயே வாங்கிவிட்டுப் பாதியில் மூடிவிடுகிறார்கள். அது மூன்றாவது புத்தகமாக வர வேண்டியது. கணக்கு கிடையாது, அம்புக்குறிகளை வைத்தே கதை நடத்துகிறார். எனக்கு அது பிடித்ததற்குத் தொழில் காரணமும் உண்டு. கண்ணாடிப் பரப்பில் விழும் 100 ஒளித்துகள்களில் 4 திரும்பிவிடுகின்றன. எந்த 4 என்று எதை வைத்து முடிவாகிறது? இந்தக் கேள்வியில்தான் அவர் தொடங்குகிறார். மூக்கில் இருக்கும் லென்ஸுக்கு முன்னும் பின்னுமாக இரண்டு பரப்பு, சுமார் 8 போய்விடும். அந்த எட்டைக் குறைக்கத்தான் 'ஏ.ஆர். கோட்டிங்' (எதிரொளிப்பைக் குறைக்கும் பூச்சு) என்று கூடுதல் பணம் வாங்குகிறோம். இது ஏமாற்று இல்லை, இரவில் வண்டி ஓட்டுபவர்களுக்கு உண்மையிலேயே உதவும். புத்தகம் வாங்க வழியில்லை என்றால் சிம்மக்கல் மாவட்ட மைய நூலகமோ, 2023இல் புது நத்தம் சாலையில் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகமோ போய்க் கேளுங்கள்.

ஆசாரி போன வாரம் புதுக் கண்ணாடி வாங்க வந்தார். கோட்டிங் போட்ட லென்ஸை டியூப் லைட்டுக்கு நேரே பிடித்தார், அவர் கல் பார்க்கிற அதே பிடி.

"பளபளப்பு வரக்கூடாதுன்னுதானே கோட்டிங்? அப்புறம் ஏன் பச்சையாத் தெரியுது?"

மற்றதையெல்லாம் அடக்கிவிட்டு மிஞ்சும் கொஞ்சம் அது என்றேன். அவர் லென்ஸை மெதுவாகச் சாய்த்தார்.

"சாய்ச்சா நீலத்துப் பக்கமாப் போகுதே சார்."

பின்னால் நாலு பேர் உட்கார்ந்திருந்தார்கள். அவருடைய சீட்டைத் திருப்பி, பின்பக்கத்தில் 'பன்னிரண்டாம் வகுப்பு, இரண்டாம் தொகுதி, அலை ஒளியியல்' என்று எழுதிக் கொடுத்தேன்.