காமிக்ஸ் ஒப்பந்தத்தில் சினிமா எங்கே ஒளிந்திருக்கிறது?

காமிக்ஸ் படைப்பாளிகளின் ஒப்பந்தங்களைச் சரிபார்க்கும் வழக்கறிஞர் நான். வருகிறவர்கள் பக்கத்துக்கு எவ்வளவு கூலி என்பதைத்தான் முதலில் காட்டுவார்கள். நான் தேடுவது திரைப்பட, தொலைக்காட்சி உரிமை யாருக்கு என்ற பத்தியை. பெரும்பாலும் பின்பக்கங்களில், பொம்மை, டி-ஷர்ட் உரிமைகளோடு சேர்ந்து கிடக்கும்.

1938-ல் சூப்பர்மேனை உருவாக்கிய ஜெர்ரி சீகலும் ஜோ ஷஸ்டரும் அதன் உரிமையை 130 டாலருக்குப் பதிப்பகத்துக்கு எழுதிக்கொடுத்தார்கள். பிறகு நீதிமன்றப் படிகள் ஏறி இறங்கியும் உரிமை திரும்பவில்லை. 1975-ல் பெரும் பொருட்செலவில் படம் வரப்போகிறது என்ற பேச்சு கிளம்பியதும், ஓவியர் நீல் ஆடம்ஸும் மற்றவர்களும் பத்திரிகைகளில் விஷயத்தைக் கிளப்பினார்கள். அதன் பிறகே இருவருக்கும் ஆண்டுக்கு 20,000 டாலரும் படைப்பாளி என்ற பெயரும் கிடைத்தன. வழக்கால் ஆகாததைப் படத்துக்குக் கெட்ட பெயர் வருமோ என்ற பயம் செய்தது.

இன்றும் நிலைமை பெரிதாக மாறவில்லை. மார்வெல் காமிக்ஸில் விண்டர் சோல்ஜர் என்ற பாத்திரத்தை உருவாக்கிய எழுத்தாளர் எட் புரூபேக்கர், 2014-ல் வந்த ‘கேப்டன் அமெரிக்கா: தி விண்டர் சோல்ஜர்’ படத்தில் தலைகாட்டியதற்கு வரும் நடிகர் பங்குத்தொகை, பாத்திரத்தை உருவாக்கியதற்குக் கிடைத்ததைவிட அதிகம் என்று வெளிப்படையாகவே சொல்லியிருக்கிறார்.

ரசிகர் மாநாடுகளில் பட உரிமையை இழக்கும் இந்த ஆபத்து நேருக்கு நேர் வருகிறது. அமெரிக்காவின் சான் டியேகோ காமிக்-கான் மாநாடு 1970-ல் சில நூறு ரசிகர்களோடு தொடங்கியது. 1976-லேயே, படம் வெளிவர ஓராண்டு இருக்கும்போது, ஸ்டார் வார்ஸுக்கு அங்கே விளம்பரம் செய்தார்கள். இப்போது லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வருகிறார்கள். டிரெய்லர் பார்க்க சுமார் 6,500 இருக்கைகள் கொண்ட ஹால் எச் வாசலில் விடிய விடிய வரிசை. ஓவியர்களின் மேசைகளுக்கு இடையே தயாரிப்பாளர்களின் ஆட்களும் உலவுவார்கள். “கதையை நாலு ஸ்டுடியோவில் காட்டுகிறேன், இதில் ஒரு கையெழுத்து” என்பார்கள். அதுதான் ஷாப்பிங் அக்ரிமென்ட். முன்பணம் பெரும்பாலும் இருக்காது, ஆனால் அந்தக் காலம் முழுக்க நீங்கள் வேறு யாரிடமும் போக முடியாது.

மேசையில் வைத்துக் கையெழுத்துப் போடாதீர்கள். காலக்கெடு எப்போது முடிகிறது, படம் எடுக்காவிட்டால் உரிமை தானாகத் திரும்புமா, இரண்டையும் எழுத்தில் கேளுங்கள். ‘நிகர லாபத்தில் பங்கு’ என்றிருந்தால் நான் அதைப் பூஜ்ஜியம் என்றே வாசிப்பேன். ஸ்டுடியோ கணக்கில் லாபம் எளிதில் தலைகாட்டாது. தயாரிப்புச் செலவில் இத்தனை சதவீதம், படப்பிடிப்பு தொடங்கும் நாளில், என்று கேட்டுப் பாருங்கள்.