திருசியமானி: ஒரு சொல்லுக்குள் எத்தனை கருவிகள்

கொழும்பில் தமிழ் மொழி மூலம் க.பொ.த. உயர்தரத்தில் பௌதிகவியல் படித்த எவருக்கும், ஒளியை நிறங்களாகப் பிரித்து ஆராயும் கருவியின் பெயரான திருசியமானி என்ற சொல் இருட்டாக்கிய ஆய்கூடத்தை நினைவுபடுத்தும். யன்னல்களைக் கறுப்புத் துணியால் மூடி, சோடியம் விளக்கை ஏற்றி, அதன் ஒளி மங்கிய சிவப்பிலிருந்து மஞ்சளாக மாறும் வரை காத்திருந்து, கனத்த இரும்புத் தாங்கியின்மேல் நிற்கும் அந்தக் கருவியின் சிறு தொலைகாட்டியில் ஒரு கண்ணை வைத்து மற்றக் கண்ணை மூடிக்கொண்ட அனுபவம் எனக்கும் உண்டு. சில ஆண்டுகள் கழித்து இரசாயன ஆய்கூடம் ஒன்றில் அதே பெயரால் அழைக்கப்பட்ட பெட்டி ஒன்றைக் கண்டேன். அதில் தொலைகாட்டியும் இல்லை, கோணத்தை நுட்பமாக வாசிக்கும் வேணியர் அளவிடையும் இல்லை. மூடியைத் திறந்து ஒரு சதுரக் குழாயை வைத்தால் திரையில் ஓர் எண் தோன்றியது. இரண்டையும் ஒரே சொல்லால் அழைப்பது எப்படிச் சரியாகும் என்ற கேள்வியிலிருந்தே இந்தக் கட்டுரை பிறந்தது.

முதலில் பள்ளிக் கருவியைப் பார்ப்போம். சோடியம் ஒளி ஒடுங்கிய பிளவு ஒன்றினூடாக நேர்வரிசையாக்கிக்குள் நுழைகிறது. பிளவு அங்குள்ள வில்லையின் குவியத்தில் இருப்பதால், வெளியேறும் கதிர்கள் ஒன்றுக்கொன்று சமாந்தரமாகச் செல்கின்றன. நடுவிலுள்ள மேசையில் வைத்த முக்கோணக் கண்ணாடிக் கட்டியான அரியம் அக்கதிர்களை முறிக்கிறது. முறிந்த கதிர்களைத் தொலைகாட்டி வாங்கிப் பிளவின் விம்பத்தைக் குறுக்குக் கம்பியின்மேல் விழுத்துகிறது. தொலைகாட்டியைத் திருப்பித் திருப்பி விலகல் மிகக் குறைவாகும் நிலையைத் தேடுகிறோம். அரியத்தை ஒரே திசையில் சுழற்றிக்கொண்டிருக்கும்போதே மஞ்சள் கோடு ஓரிடத்தில் நின்று, பின்பு வந்த வழியே திரும்புகின்ற அந்தக் கணம் இன்றும் என் மனத்தில் நிற்கிறது. அந்த இழிவு விலகற் கோணமும் அரியத்தின் கோணமும் தெரிந்தால், கண்ணாடி ஒளியை எவ்வளவு முறிக்கிறது என்று காட்டும் எண்ணான முறிவுச் சுட்டியைக் கணிக்கலாம். 60 பாகை அரியத்தில் இழிவு விலகல் ஏறத்தாழ 38.9 பாகையாக வருமானால் முறிவுச் சுட்டி 1.52 ஆகும்.

இங்கே கவனிக்க வேண்டியது, இந்தக் கருவி ஒளியின் அளவை எங்கும் அளக்கவில்லை என்பதே. மஞ்சள் கோடு பிரகாசமாக இருந்தாலும் மங்கலாக இருந்தாலும் விடை மாறாது. அளக்கப்படுவது கோணம், அளவெடுப்பது வட்ட அளவிடையும் வேணியரும், கண் செய்வதெல்லாம் கோடு கம்பியின்மேல் பொருந்திவிட்டதா என்று சொல்வது மட்டுமே. ஆகவே பள்ளிக் கருவியின் பெயரிலுள்ள மானி என்பது கோணத்தையும், அதன் வழியாக முறிவுச் சுட்டியையோ அலைநீளத்தையோ அளப்பதைக் குறிக்கிறது. ஒளியை அளப்பதற்கு ஒளிமானி என்ற வேறு சொல் நம்மிடம் உண்டு.

சொல்லைப் பிரித்துப் பார்த்தால் இந்த வேறுபாடு தெளிவாகும். நியூற்றன் 1672இல் வெளியிட்ட தமது கட்டுரையில் அரியத்தால் விரிந்த நிறப்பட்டைக்கு இட்ட spectrum என்ற இலத்தீன் பெயர் தோற்றம், காட்சி என்ற பொருளுடையது; அதன் வேர் காண்டல் என்பதே. திருசியம் என்ற வடசொல்லும் காணப்படுவது என்ற அதே பொருளைத் தருகிறது. தமிழ்நாட்டில் இதற்கு நிறமாலை என்று வழங்குகிறார்கள். அது அழகான சொல், கேட்டவுடன் விளங்கும் சொல். ஆனால் கண்ணுக்குப் புலப்படாத அகச்சிவப்புக் கதிருக்கோ வானொலி அலைக்கோ நிறம் என்பது இல்லை. அதே நெருக்கடி திருசியம் என்ற சொல்லுக்கும் உண்டுதான், ஏனெனில் காணப்படாததையும் அது காணப்படுவது என்றே சொல்கிறது. இரண்டில் எது சிறந்தது என்று வழக்காடுவதைவிட, இரண்டும் ஒரே பொருளைக் குறிக்கின்றன என்று மாணவர்களுக்குச் சொல்லிவைப்பது பயனுள்ளது. முப்பட்டகம் என்பதும் அரியம் என்பதும் ஒன்றே என்று தெரியாமல் தமிழகத்து நூல் ஒன்றை மூடிவைத்த மாணவர்களை நான் அறிவேன்.

கலைச்சொற்கள் தாமாக விளைபவை அல்ல. கொழும்புத் தொழில்நுட்பக் கல்லூரியில் விஞ்ஞானம் பயின்ற விபுலாநந்த அடிகள் 1936இல் சென்னையில் கூடிய கலைச்சொல் மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார்; பின்னர் இலங்கையில் அரசகரும மொழித் திணைக்களம் துறைதோறும் சொற்றொகுதிகளை வெளியிட்டது. அத்தகைய உழைப்பின் பலனாகவே நமது கருவிப் பெயர்களில் ஓர் ஒழுங்கு காணப்படுகிறது. பார்ப்பதற்குத் துணைபுரிவது காட்டி: தொலைகாட்டி, நுணுக்குக்காட்டி. எண்ணாக அளந்து தருவது மானி: வெப்பமானி, பாரமானி. தானே எழுதிவைப்பது பதிகருவி. இதன்படி நிறப்பட்டையைக் கண்ணுக்குக் காட்டுவது திருசியகாட்டி. அதிலுள்ள கோடுகளின் இடத்தை அளப்பது திருசியமானி. முழுப் பட்டையையும் ஒளிப்படத் தட்டிலோ இலத்திரனியல் உணரியிலோ பதிப்பது திருசியப் பதிகருவி. ஒவ்வோர் அலைநீளத்திலும் எவ்வளவு ஒளி இருக்கிறது என்று அளப்பது திருசிய ஒளிமானி. ஆய்கூடப் பேச்சில் இந்த நான்கும் திருசியமானி என்றே சுருங்கிவிடுகின்றன. குழப்பம் அங்கிருந்துதான் தொடங்குகிறது.

காட்டிக்கும் மானிக்கும் உள்ள இடைவெளி சிறிதன்று. 1868 ஓகத்து 18ஆம் நாள் நிகழ்ந்த முழுச் சூரிய கிரகணத்தைக் குண்டூரில் இருந்து ஜான்சன் என்ற பிரெஞ்சு வானியலாளர் திருசியகாட்டியால் நோக்கினார். சூரியனின் விளிம்பிலிருந்து எழும் சுவாலைகளின் ஒளியில் மஞ்சள் கோடு ஒன்று தெரிந்தது. பார்ப்பவர் கண்ணுக்கு அது நமது ஆய்கூட விளக்கின் சோடியம் மஞ்சளே. சோடியத்தின் இரட்டைக் கோடுகள் 589.0, 589.6 நனோமீற்றரில் உள்ளன. அந்தப் புதிய கோடோ 587.6 நனோமீற்றரில் இருந்தது. அதே ஆண்டு ஒக்ரோபரில் இங்கிலாந்தில் லொக்கியர் என்ற வானியலாளர் கிரகணம் இல்லாமலேயே அந்தக் கோட்டை நோக்கி, அது சோடியத்துடன் பொருந்தவில்லை என்று கண்டார். ஏறத்தாழ 1.4 நனோமீற்றர் விலகலில் ஹீலியம் என்ற மூலகம் ஒளிந்திருந்தது. பூமியில் அதை ராம்சே என்ற இரசாயனவியலாளர் கண்டெடுக்க 1895 வரை செல்லவேண்டியிருந்தது. மஞ்சளாக இருக்கிறது என்று காட்டி சொன்னதை, எந்த மஞ்சள் என்று மானி திருத்தியது. 1871 திசம்பர் 12ஆம் நாள் கிரகணத்தின் முழுநிழல் வட இலங்கைமீது விழுந்தபோது, லொக்கியர் கேரளக் கரையில் பேக்கலில் நிற்க, அவரது குழுவின் பிரிவுகள் யாழ்ப்பாணத்திலும் திருகோணமலையிலும் கருவிகளை நாட்டி நோக்கின என்பதை நம்மில் பலர் அறியோம்.

ஒளிமானியின் கதை வேறு வழியாக வந்தது. கண்ணால் ஒரு விளக்கு மற்றதைவிட இத்தனை மடங்கு பிரகாசமானது என்று சொல்ல இயலாது. ஆனால் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும் இரண்டு வெளிச்சங்கள் சமமா இல்லையா என்று கண் நுட்பமாகச் சொல்லும். 1729இல் பூகே என்ற பிரெஞ்சு அறிஞர் இந்த உண்மையையே பயன்படுத்தினார். இரண்டு விளக்குகளின் வெளிச்சமும் திரையில் சமமாகும் வரை அவற்றின் தூரத்தை மாற்றி, தூரத்தின் வர்க்கத்துக்கு நேர்மாறாக வெளிச்சம் குறையும் என்ற விதியைக் கொண்டு ஒப்பிட்டால் போதும். எண்ணெய்ப் பொட்டு வைத்த கடதாசியைக் கொண்டு பன்சன் என்ற செருமானிய இரசாயனவியலாளர் செய்த ஒளிமானியும் அதே கொள்கையில் இயங்குவதுதான். இருபுறமும் ஒளி சமமாகும்போது பொட்டு மறைந்துபோகும். பன்சன் சுடரடுப்பைத் தெரிந்த அளவுக்கு இந்தப் பொட்டை நம் மாணவர்களுக்குத் தெரியாதிருப்பது எனக்கு வருத்தந்தான், ஏனெனில் இதைவிட எளிதாக வீட்டில் செய்து பார்க்கத்தக்க அளவீட்டுக் கருவி அரிது.

ஒளிமானி என்ற சொல்லுக்குள்ளும் ஒரு நுணுக்கம் உண்டு. அலுவலகத்தில் மேசை வெளிச்சத்தை இலட்சு என்ற அலகில் அளக்கும் கருவி, வந்துவிழும் சக்தி முழுவதையும் சமமாக எண்ணுவதில்லை. மனிதக் கண் 555 நனோமீற்றர் பச்சைக்கு மிகவும் கூர்மையானது, செந்நிறத்துக்கும் ஊதாவுக்கும் மந்தமானது. அக்கருவி அந்தக் கண்ணின் வளைகோட்டையே பின்பற்றுகிறது. அகச்சிவப்பு எவ்வளவு கொட்டினாலும் அதன் கணக்கில் சுழியே. சக்தியை உள்ளபடி அளப்பது கதிர்ப்புமானி. மின்சாரம் தரும் சூரியப்படலுக்கு எவ்வளவு சக்தி கிடைக்கும் என்று அறிய இலட்சு அளவைப் பயன்படுத்துவது ஏன் பிழையாகும் என்பது இதிலிருந்து விளங்கும்.

இப்போது அந்த மூடியுள்ள பெட்டிக்கு வருவோம். திருசியமும் ஒளிமானியும் அதில்தான் இணைகின்றன. உள்ளே ஒரு தங்குதன் விளக்கு, ஊதா கடந்த ஒளிக்குத் தியூத்திரியம் விளக்கு. அரியத்துக்குப் பதிலாக மில்லிமீற்றருக்கு நூற்றுக்கணக்கான கோடுகள் கீறி, ஒளியை நிறங்களாகப் பிரிக்கும் கோணல் நெய்யரி. நெய்யரி சிறிது திரும்பும்போது வேறு வேறு அலைநீளம் பிளவுக்கு நேரே வருகிறது. அந்த ஒற்றை நிற ஒளி ஒரு சென்ரிமீற்றர் அகலமுள்ள சதுரக் குழாயிலுள்ள கரைசலூடாகச் சென்று, ஒளி இருவாயி ஒன்றின்மீது விழுந்து மின்னோட்டமாகிறது. முதலில் பொருள் இல்லாத வெற்றுக் கரைசலையும், பின்பு பொருள் கலந்த கரைசலையும் வைத்து இரண்டையும் ஒப்பிடவேண்டும். பத்தில் ஒரு பங்கு ஒளி மட்டும் கடந்தால் உறிஞ்சல் 1. நூறில் ஒரு பங்கு கடந்தால் 2. பியர்-லாம்பேட் விதிப்படி இந்த மடக்கை எண் கரைசலின் செறிவுக்கு நேர்விகிதமாகும். ஊதா கடந்த ஒளியை அளக்கும்போது சாதாரணக் கண்ணாடிக் குழாயை வைத்தால் கண்ணாடியே ஒளியை விழுங்கிவிடும். அதற்குக் குவாட்சுக் குழாய் வேண்டும்.

மருத்துவ ஆய்கூடங்கள் குருதியில் குளுக்கோசை அறியும் ஒரு முறையில், நொதியங்களின் துணையால் ஒவ்வொரு குளுக்கோசு மூலக்கூறுக்கும் ஒன்றாக என்.ஏ.டி.பி.எச். என்ற மூலக்கூறு உண்டாக்கப்படுகிறது. அது 340 நனோமீற்றர் ஒளியை உறிஞ்சும், அதன் முன்வடிவம் உறிஞ்சாது. ஆகவே உறிஞ்சல் எவ்வளவு கூடியது என்பதே குளுக்கோசு எவ்வளவு இருந்தது என்பதாகிறது. நாம் கையில் வாங்கும் அறிக்கையிலுள்ள எண்ணின் பின்னால் இப்படி ஒரு ஒளி அளவீடு இருக்கிறது. கறுப்புத் தேயிலையின் தரத்தை ஆராய்பவர்கள் தேநீர்ச் சாயத்தை 380, 460 நனோமீற்றர்களில் அளப்பதும் இதே கருவியில்தான். சுவைஞர் கண்ணால் பிரகாசம் என்றும் நிறம் என்றும் சொல்வதற்கு அந்த எண்கள் துணை நிற்கின்றன.

திரையில் எண் தோன்றிவிட்டதாலேயே அது உண்மையாகிவிடாது என்பதை இங்கே அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். உறிஞ்சல் 3 என்றால் ஆயிரத்தில் ஒரு பங்கு ஒளியே உணரியை அடைகிறது. கருவிக்குள் வழிதவறித் திரியும் ஒளி அதே ஆயிரத்தில் ஒரு பங்கு இருந்தால் உணரி இருமடங்கு ஒளியைக் காணும், திரை 2.7 என்று காட்டும். செறிவு பத்து வீதம் குறைவாகக் கணிக்கப்படும். அனுபவமுள்ளவர்கள் உறிஞ்சல் 1ஐ அண்டி இருக்கும்படி கரைசலை ஐதாக்கிக்கொள்வது இதனால்தான்.

நெய்யரியோ அரியமோ இல்லாமல் நிறவடிகட்டி ஒன்றை மட்டும் வைத்து இதே வேலையைச் செய்யும் எளிய கருவிக்கு நிறமானி என்று பெயர். சுவாலை ஒளிமானியும் அந்த இனமே: கரைசலைச் சுவாலையில் தெளித்து, வடிகட்டி மூலம் சோடியத்துக்கு 589, பொற்றாசியத்துக்கு 766 நனோமீற்றர் ஒளியை மட்டும் பிரித்து அளப்பது. நிறப்பட்டையை விரிக்காதபடியால் அதன் பெயரில் திருசியம் இல்லை.

ஒளியே இல்லாத ஒரு திருசியமானியும் உண்டு. கேம்பிரிட்சில் அசுத்தன் என்ற விஞ்ஞானி 1919இல் அமைத்த கருவி, மின்னேற்றம் பெற்ற அணுக்களான அயன்களை மின்புலத்தாலும் காந்தப்புலத்தாலும் வளைத்து, திணிவுக்கேற்ப வேறு வேறு இடங்களில் ஒளிப்படத் தட்டில் விழச் செய்தது. தட்டில் தோன்றிய கோடுகள் நிறப்பட்டையின் கோடுகளைப் போலவே வரிசையாக நின்றதால் அந்தப் பெயர் அதற்கும் சென்றது. 20, 22 எனும் திணிவுகளில் நியோன் இரண்டு கோடுகளாகப் பிரிந்தது அதில் தெரிந்தது. திணிவுத் திருசியமானி என்று கேட்கும்போது ஒளியைத் தேடவேண்டியதில்லை. ஏதோ ஒன்று அளவுவாரியாகப் பிரித்து வரிசைப்படுத்தப்படுகிறது என்பதே அங்கு திருசியத்தின் பொருள். ஆகவே ஒரு கருவி திருசியமானி எனப்பட்டால், அது தரும் வரைபின் கிடை அச்சில் கோணமா, அலைநீளமா, திணிவா இருக்கிறது என்றும், நிலை அச்சு என்று ஒன்று அதற்கு உண்டா என்றும் கேட்டறிவது நல்லது. பள்ளிக் கருவிக்கு நிலை அச்சே கிடையாது.

இதையெல்லாம் வீட்டிலேயே சோதிக்கலாம். பழைய இறுவட்டு ஒன்றின் தடங்கள் 1.6 மைக்குரோமீற்றர் இடைவெளியில் அமைந்திருப்பதால் அது மில்லிமீற்றருக்கு 625 கோடுகள் கொண்ட தெறிப்பு நெய்யரி. ஒரு பெட்டியில் ஒடுங்கிய பிளவு வெட்டி, எதிரே இறுவட்டின் துண்டைச் சாய்த்துப் பொருத்தி, வெள்ளவத்தை வீட்டு மாடத்திலிருந்து ஒழுங்கை விளக்கைப் பார்த்தால், எல்ஈடி விளக்கு தொடர்ச்சியான பட்டையைத் தரும். குழாய் விளக்கு தனித்தனிக் கோடுகளைத் தரும். அந்நிலையில் அது திருசியகாட்டி. குழாய் விளக்கிலுள்ள இரசத்தின் 436 நனோமீற்றர் நீலக் கோட்டையும் 546 நனோமீற்றர் பச்சைக் கோட்டையும் கொண்டு ஓர் அளவிடையைக் கீறி ஒட்டினால் அது திருசியமானி ஆகிவிடும். கைபேசியால் படமெடுத்தால் பதிகருவி. ஆனால் படத்தில் எந்தக் கோடு பிரகாசமாகத் தெரிகிறது என்பதை வைத்து ஒளியின் அளவைச் சொல்லக் கூடாது. கைபேசி தானாகவே வெளிச்சத்தைக் கூட்டியும் குறைத்தும் படத்தை மெருகேற்றிவிடுகிறது. இரு மடங்கு ஒளிக்கு இரு மடங்கு எண்ணை அது தருவதில்லை. வெற்றுக் கரைசலைப் போன்ற ஓர் ஒப்பீடும், ஒளிக்கு நேர்விகிதமாக விடை சொல்லும் உணரியும் கிடைக்கும் வரை அந்தப் பெட்டியை ஒளிமானி என்று அழைக்க இயலாது.