காந்தி சிலைக்கு முன்னால் மணல் வந்த கதை

புதுச்சேரி முத்தியால்பேட்டையிலிருந்து ஒன்பதாம் வகுப்பு மாணவி ஒருவர் கேட்டிருக்கிறார்: "என் அம்மா சின்ன வயதில் பீச்சில் பாறாங்கல்தான் இருந்தது, மணலே கிடையாது என்கிறார். தாத்தா, தன் காலத்தில் அங்கே கபடியே ஆடினோம் என்கிறார். நான் போனால் மணல் இருக்கிறது. இதில் யார் சொல்வது சரி?"

மூன்று பேர் சொல்வதும் சரிதான். தாத்தா காலத்தில் இருந்தது, அம்மா காலத்தில் போனது, பேத்தி காலத்தில் கொஞ்சம் திரும்பி வந்திருக்கிறது. அறுபது எழுபது வருடத்துக்குள் ஒரு கரை இத்தனை வேடம் போட்டிருக்கிறது என்றால், காரணம் தெரிந்துகொள்ள வேண்டாமா?

டீக்கடையில் ஒரு பெரியவர் என்னிடம் சொன்ன காரணம் இது: "துறைமுகத்துக்குக் கல் போடும்போது கடல் அம்மனுக்குச் சரியாகப் பூசை போடவில்லை தம்பி, அதான் மணலை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்." சிரிக்காதீர்கள். குற்றவாளியை அவர் சரியாகப் பிடித்துவிட்டார். குற்றம் நடந்த விதத்தில்தான் எனக்கும் அவருக்கும் கருத்து வேறுபாடு.

அலை எப்படி உண்டாகிறது, ஆழம் குறைந்தால் ஏன் உடைகிறது என்பதெல்லாம் பள்ளிப் பாடத்தில் இருக்கிறது, அதைத் தாண்டிப் போகிறேன். நாம் பார்க்க வேண்டியது அலை கரையேறும் கோணத்தை. அலை கரைக்கு நேர் எதிராக வருவது அபூர்வம். நம் கடற்கரையில் ஏறக்குறைய மார்ச் முதல் அக்டோபர் வரை அது தெற்கு, தென்கிழக்கிலிருந்து சாய்வாக வருகிறது. ஆழம் குறையக் குறைய அலையின் வேகம் குறைவதால் கரையை நோக்கித் திரும்பத்தான் பார்க்கிறது. ஆனால் முழுதாகத் திரும்புவதற்குள் உடைந்துவிடுகிறது. மிச்சமிருக்கும் அந்தச் சின்னச் சாய்வுதான் கதை முழுவதையும் நடத்துகிறது.

உடைந்த அலை நுரையாக மேலே ஏறும்போது, வந்த சாய்விலேயே வடமேற்காக ஏறுகிறது. இறங்கும்போது சாய்வாக இறங்க அதற்கு என்ன வேண்டுதல்? புவியீர்ப்பு இழுக்கிறபடி, கரைச் சரிவில் நேர்கிழக்காகச் சரசரவென்று வழிந்துவிடுகிறது. அந்த நீரில் மாட்டிய ஒரு மணல் துகளை நினைத்துப் பாருங்கள். சாய்வாக ஏறியது, நேராக இறங்கியது. புறப்பட்ட இடத்துக்கு அது திரும்பவில்லை, கொஞ்சம் வடக்கே தள்ளி நிற்கிறது. அடுத்த அலை இன்னும் கொஞ்சம் தள்ளும். எட்டு வினாடிக்கு ஓர் அலை என்று வைத்தால் ஒரு நாளைக்குப் பத்தாயிரத்துக்கும் மேல். இப்படி ரம்பப்பல் மாதிரி ஏறி இறங்கி, ஏறி இறங்கி, அந்தத் துகள் வடக்கே நடந்துகொண்டே இருக்கிறது.

இதைக் கண்ணால் பார்க்க ஆய்வுக்கூடம் வேண்டாம், ஒரு செங்கல் போதும். போன ஜூன் மாதம் ஒரு காலையில் அக்கா மகனைக் கூட்டிக்கொண்டு வீராம்பட்டினம் கரைக்குப் போனேன். உடைந்த செங்கலை இடித்துத் தூளாக்கி, ஒரு பிளாஸ்டிக் டப்பா நிறைய எடுத்துப் போயிருந்தோம். அலை ஏறி நிற்கும் ஈரக் கோட்டுக்குச் சற்றுக் கீழே ஒரு கை அளவு வட்டமாகக் கொட்டினோம். முதல் அலை வட்டத்தைக் கலைத்தது, அவ்வளவுதான். நாலைந்து அலைக்குள் சிவப்புக்கு ஒரு வால் முளைத்தது. வால் தெற்கே போகவில்லை, கடலுக்குள்ளும் போகவில்லை, கரையை ஒட்டியே வடக்கே நீண்டது. பதினைந்து அலை ஆனதும் வட்டம் இருந்த இடத்தில் ஒன்றுமில்லை. சிவப்பு இருந்தது, இருபது தப்படி தள்ளி, மங்கலாக. "மாமா, யாரோ விளக்குமாற்றால் பெருக்கிக்கொண்டு போகிற மாதிரி இருக்கிறது" என்றான் பையன். ஆராய்ச்சியாளர்கள் இதே வேலையை ஒளிரும் சாயம் தோய்த்த மணலை வைத்துச் செய்கிறார்கள். எங்களுக்குச் செலவு ஒரு டப்பா.

இது கரையேறும் நீரின் வேலை. அலை உடைகிற பட்டைக்குள் இதே சாய்வு இன்னொன்றையும் செய்கிறது: தண்ணீரையே கரையோரமாகத் தள்ளி ஓர் ஓட்டத்தை உண்டாக்குகிறது. கடலில் குளித்தவர்களுக்கு அனுபவம் இருக்கும். அரை மணி நேரம் ஆட்டம் போட்டுவிட்டுக் கரையைப் பார்த்தால், கழற்றி வைத்த செருப்பும் துண்டும் தெற்கே எங்கேயோ தெரியும். செருப்பு அங்கேயேதான் இருக்கிறது, நாம்தான் நகர்ந்திருக்கிறோம். அலை கலக்கிவிடும் மணல் அந்த ஓட்டத்தில் ஏறி இன்னும் வேகமாகப் பயணம் போகிறது.

எவ்வளவு மணல் நகரும் என்பதற்குப் பொறியாளர்கள் வைத்திருக்கும் கணக்கில் எனக்கு மிகவும் பிடித்த இரண்டு விஷயங்கள் உண்டு. ஒன்று, அலையின் உயரம். உயரம் இரண்டு மடங்கானால் நகரும் மணல் இரண்டு மடங்கல்ல, ஏறத்தாழ ஐந்தரை மடங்கு. அதனால்தான் ஒரு புயல் நாள், பல அமைதியான நாட்களின் வேலையை ஒரே மூச்சில் முடித்துவிடுகிறது. இரண்டாவது, கோணம். சாய்வு பூச்சியம் என்றால், அதாவது அலை கரைக்கு நேர் எதிரே வந்தால், மணல் பக்கவாட்டில் நகரவே நகராது. சாய்வு கூடக்கூட நகர்வும் கூடி, 45 பாகை அளவில் உச்சத்துக்குப் போகும். இந்தப் பூச்சியத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், துறைமுகத்தில் தேவைப்படும்.

நவம்பர் முதல் பிப்ரவரி வரை வடகிழக்கிலிருந்து அலை வரும்போது மணல் தெற்கே திரும்பி நடக்கிறது. ஆனால் எட்டு மாதம் வடக்கே, நாலு மாதம் தெற்கே என்றால் வரவு செலவு பார்க்கையில் மிஞ்சுவது வடக்குதான். இந்த நிகர நகர்வு ஆண்டுக்குப் பல லட்சம் கன மீட்டர். ஒரு லட்சம் கன மீட்டர் என்பது எவ்வளவு? வீடு கட்டியவர்களுக்கு யூனிட் கணக்கில் (ஒரு யூனிட் நூறு கன அடி) சொன்னால் புரியும். இரண்டு யூனிட் ஏற்றும் லாரியில் பதினேழாயிரம் லோடுக்கு மேல். சத்தமில்லாமல், டீசல் இல்லாமல், பெர்மிட் இல்லாமல் போகிறது. இந்த மணலெல்லாம் கொள்ளிடமும் கெடிலமும் தென்பெண்ணையும் மலையிலிருந்து கொண்டுவந்து கடலில் சேர்த்தது. 1958-இல் சாத்தனூர் அணை கட்டிய பிறகு தென்பெண்ணை மணலில் ஒரு பங்கு மேலேயே தங்கிவிடுகிறது. ஆற்றுப்படுகையில் நாம் அள்ளுவது வேறு கணக்கு.

சரி, துறைமுகத்துக்கு வருவோம்.

மாசி மகத்தன்று வைத்திக்குப்பம் போகும் தெருவை நினைத்துக்கொள்ளுங்கள். காலை முதல் மதியம் வரை தெரு நிறைய ஆள் இருக்கும். ஆனால் பத்து மணிக்கு நின்றவர் பதினோரு மணிக்கு அங்கே இல்லை, கூட்டம் நகர்ந்துகொண்டே இருக்கிறது. பின்னாலிருந்து ஆள் வந்துகொண்டே இருப்பதால் தெரு நிறைந்து தெரிகிறது. இப்போது தெருவின் நடுவே ஒரு டிராக்டரைக் குறுக்கே நிறுத்துங்கள். பின்னால் நெரிசல். முன்னால் இருப்பவர்கள் தம்பாட்டுக்குக் கடலை நோக்கி நடந்துவிடுவார்கள், கொஞ்ச நேரத்தில் அந்தப் பக்கம் தெரு காலி.

1980-களின் பின்பாதியில் அரியாங்குப்பம் ஆற்று முகத்துவாரத்தில் துறைமுகத்துக்காக அலைத்தடுப்புச் சுவர்கள் கடலுக்குள் நீட்டப்பட்டன. அதுதான் டிராக்டர். தெற்கே மணல் தேங்கிக் கரை அகலமானது. வடக்கே, அதாவது ஊருக்கு நேர் எதிரே, அலைக்கு மணலைச் சுமக்கும் தெம்பு அப்படியே இருந்தது. சுமக்கத்தான் தெற்கிலிருந்து மணல் வரவில்லை. கூலியாள் சும்மா இருப்பானா? எதிரே கிடந்த கரையையே சுமந்துகொண்டு போனான். கபடி ஆடிய மணல் போனது அப்படித்தான்.

மறந்துவிடாதீர்கள் என்று சொன்ன அந்தப் பூச்சியம் இங்கே வருகிறது. தெற்குப் பக்கம் மணல் தேங்கத் தேங்க, கரைக்கோடே மெல்லத் திரும்புகிறது. எதுவரை? அலை வரும் திசையை நேருக்கு நேர் பார்க்கும்வரை. சாய்வு பூச்சியத்தை நெருங்கியதும் அங்கே தேங்குவது நின்றுபோகிறது. தானாகவே தன் கோணத்தைத் திருத்திக்கொள்ளும் இந்தக் கரையை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம்தான். அதற்குப் பிறகு வரும் மணல் சுவரின் நுனியைச் சுற்றி வழிந்து, நேரே முகத்துவாரத்தில் போய் விழுகிறது. "வாய் அடைத்துக்கொண்டது, போட் போக முடியவில்லை" என்று மீனவர்கள் முறையிடுவதும், தூர் வாருவதும், மறுபடி அடைப்பதும் இதனால்தான்.

இதெல்லாம் கட்டியவர்களுக்குத் தெரியாததா என்றால், தெரியும். தெற்கே தேங்கும் மணலை எடுத்து வடக்கே போடும் ஏற்பாடு திட்டத்திலேயே இருந்தது. அது ஒழுங்காகத் தொடர்ந்து நடக்கவில்லை. அந்த வேலைக்குத் திறப்பு விழா கிடையாது, கல்வெட்டு கிடையாது. வருடா வருடம் செய்ய வேண்டும், செய்தால் எதுவும் நடக்காது, அதுதான் அதன் வெற்றி. நம் ஊரில் இப்படிப்பட்ட வேலைக்குப் பணம் ஒதுக்க வைப்பது குதிரைக்கொம்பு. கரையின் குறுக்குவெட்டை மாதா மாதம் அளந்து வைக்கும் ஆராய்ச்சிக்கும் இதே கதிதான். கல் கொட்ட மட்டும் எப்போதும் பணம் இருக்கிறது.

கல் கொட்டினார்கள். ஊர் பிழைத்தது, அதை மறுக்க முடியாது. ஆனால் மணல் சரிவில் ஏறி இளைத்துப்போகும் அலை, கல்லில் மோதினால் திரும்பி எகிறுகிறது. எகிறி, கல்லின் அடியிலேயே மணலைத் தோண்டுகிறது. கல் இறங்குகிறது, மேலே இன்னும் கல் போட வேண்டியிருக்கிறது. கல் முடியும் இடத்துக்கு அடுத்த ஊரில் அரிப்பு தொடங்குகிறது. குருசுக்குப்பம், வைத்திக்குப்பம், சோலை நகர், அப்புறம் எல்லை தாண்டித் தமிழ்நாட்டுப் பக்கம் கோட்டக்குப்பம், தந்திராயன்குப்பம், சின்ன முதலியார்சாவடி என்று வரிசையாக. கரைவலை இழுக்க ஆட்கள் வரிசையாக நின்று பின்னால் நடக்க இடம் வேண்டும். மீன் காய வைக்க, வலை விரித்துப் பொத்தல் பார்க்க, படகைத் தூக்கி வைக்க இடம் வேண்டும். கரை போனதும் இந்த வேலைகளுக்கு இடமில்லாமல் போனது. அலைக்கும் வீட்டுச் சுவருக்கும் நடுவே கல் மட்டும் நின்றது.

சென்னைக்காரர்கள் நம்மைப் பார்த்து இரக்கப்பட வேண்டாம். 1876-இல் அங்கே துறைமுக வேலை தொடங்கிய பிறகு, தெற்கே தேங்கிய மணல்தான் மெரினாவை அத்தனை அகலமாக்கியது. வடக்கே ராயபுரம் தொடங்கி இன்றுவரை கடல் அரிப்பு. சுண்டல் தின்று காற்று வாங்கும் அந்த மைதானம், வடசென்னைக்குப் போய்ச் சேராத மணல்.

அப்படியென்றால் காந்தி சிலைக்குப் பக்கத்தில் மணல் எப்படித் திரும்பியது? 2018-இல் தேசிய கடல் தொழில்நுட்ப நிறுவனத்தின் வடிவமைப்பில், தலைமைச் செயலகத்துக்கு எதிரே கடலுக்குள் ஆப்பு வடிவத்தில் ஒரு பெரிய எஃகுக் கூட்டை அமிழ்த்தினார்கள். எடை ஏறத்தாழ 900 டன். தண்ணீருக்கு அடியில் ஒரு செயற்கைத் திட்டு என்று வைத்துக்கொள்ளுங்கள். அலையின் உயரம் தண்ணீரின் ஆழத்தில் முக்கால் பங்கைத் தாண்டினால் அலை நிற்க முடியாமல் உடையும். திட்டின் மேல் ஆழம் குறைவு. அதனால் பெரிய அலைகள் கரைக்கு வருமுன் அங்கேயே உடைந்து தெம்பை இழக்கின்றன. திட்டுக்குப் பின்னால் வந்து சேர்வது இளைத்த அலை, அதனால் சுமையைத் தூக்க முடியாது. கையில் இருக்கும் மணலை இறக்கி வைத்துவிடுகிறது. கரை கட்டியது இப்படித்தான். கல்சுவர் அலையோடு சண்டை போடுகிறது. இந்தத் திட்டு, அலையைக் கொஞ்சம் சோர்வடைய வைக்கிறது. எனக்குப் பிடித்தது இரண்டாவது.

ஆனால் அங்கே இறங்கிய ஒவ்வொரு துகளும் வடக்கே போக வேண்டியிருந்த துகள். திட்டின் நிழல் நிறையும்வரை பக்கத்து ஊர்க்காரர்களின் வரவில் அது துண்டு விழும். பக்கத்தில் கடல் அரித்த கரை இருக்கும்போது, நம் வாசலில் மணல் வந்ததை மட்டும் படம் எடுத்துப் போடுவதில் எனக்கு முழு மகிழ்ச்சி இல்லை. தெற்கே தேங்கியதை வடக்கே கடத்தும் அந்தப் பழைய, சலிப்பூட்டும் வேலையை இதோடு சேர்த்துச் செய்தாக வேண்டும்.

கேள்வி கேட்ட மாணவிக்கு ஒரு வேலை தருகிறேன். வீட்டில் பழைய ஸ்பீக்கர் இருந்தால் அதன் காந்தத்தைக் கழற்றி ஒரு பாலிதீன் பையில் போட்டுக்கொள்ளுங்கள். பீச்சில் ஈர மணலில் கறுப்புக் கோடுகள் தெரியும் இடத்தில் பையோடு தடவுங்கள். மயிர்க்கால் மாதிரி ஒட்டி நிற்பது மேக்னடைட். அலை லேசான மணலைத் தூக்கிக்கொண்டு போகும்போது, கனமாக இருப்பதால் தூக்க முடியாமல் விட்டுவிட்டுப் போனது அது. கறுப்பு அதிகமாக இருக்கும் இடத்தில் அண்மையில் அலை எடுத்துக்கொண்டு போயிருக்கிறது. ஒவ்வொரு பௌர்ணமிக்கும் ஒரே இடத்தில் தாத்தாவை நிற்க வைத்து, மதில் சுவரிலிருந்து அலை விட்டுப்போன குப்பைக் கோடு வரை தப்படி எண்ணி, பக்கத்தில் கறுப்பு அதிகமா குறைவா என்று ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். மாசி மகம் வரை எழுதியதை எனக்கு அனுப்புங்கள். மார்கழியில் எண்ணிக்கை குறைகிறதா என்று பார்க்க நானும் காத்திருக்கிறேன்.